உத்தரவுக்கு வந்தவர்

கட்டில் வாசலில் மாட்டிக்கொண்டது. தலைமாட்டுப் பக்கத்தைப் பிடித்திருந்த கண்டக்டர் மாமா, "ரைட், ரைட், இன்னும் கொஞ்சம்" என்று பின்னால் போய்க்கொண்டே இருந்தார். கால்மாட்டுப் பக்கம் பாப்பாவின் கையில் இருந்தது. கட்டிலின் கால் ஒன்று நிலையில் இடித்து நிற்பதை அவள் இரண்டு தடவை சொல்லியும் அவர் காதில் வாங்கவில்லை. பஸ்ஸில் டிக்கெட் கிழித்து ஓய்வு பெற்று எவ்வளவோ காலமாகிவிட்டது. இன்னும் ரைட் சொல்லாமல் அவரால் ஒரு நாற்காலியைக்கூட நகர்த்த முடியாது.

"மாமா, இடிக்குது. சாய்ச்சுப் பிடிங்க."

"சாய்ச்சா கீறல் விழும்."

"விழட்டும். யாரு பாக்கப் போறா?"

"வர்றவங்க பாக்க மாட்டாங்களா?"

வருகிறவர்கள் அப்பாவைப் பார்க்கத்தான் வருவார்கள், கட்டிலை அல்ல என்பது பாப்பாவின் வாய்வரை வந்தது. விடிந்ததிலிருந்து பேசிப் பேசி அலுத்திருந்தது.

முன்னறையைக் காலி செய்துகொண்டிருந்தார்கள். விடியற்காலையில் அப்பா ஆஸ்பத்திரியில் இறந்துபோயிருந்தார். ஆஸ்பத்திரிக்கு அவர் இந்த வீட்டிலிருந்து போகவில்லை. ஊரின் அந்தப் பக்கம் ஒரு பெண் டெய்லரின் வீட்டிலிருந்து போயிருந்தார். பாப்பா பள்ளிக்கூடத்தில் படிக்கும்போதே அங்கே குடிபோனவர். இப்போது பாப்பாவுக்கே காதோரம் நரைத்துவிட்டது. பல் மருத்துவர்களுக்குப் பல் செட் செய்து தரும் பட்டறையில் அவள் கைக்குக் கீழே நான்கு பேர் வேலை பார்க்கிறார்கள். வீட்டில் மட்டும் இன்னும் பாப்பாதான்.

கட்டில் ஒருவழியாக வெளியே வந்தது. அதை நடைபாதையில் பக்கத்து வீட்டுச் சுவரோரம் போட்டுவிட்டு மாமா அதிலேயே உட்கார்ந்து மூச்சு வாங்கினார்.

"உங்க அப்பாவை லிஃப்டுல கொண்டுவர முடியாது. அளந்து பாத்துட்டேன். நாலு பேரு நிக்கிற பெட்டி. அதுலயும் எந்த மடையனோ உள்ள ஒரு மடக்கு சீட்டை வச்சு முடுக்கியிருக்கான். வரும்போது முட்டியில நல்லா வாங்கிட்டேன்."

எந்த மடையன் என்று பாப்பாவுக்குத் தெரியும். அவள் கையில் ஒட்டிய தூசியைத் தட்டிக்கொண்டிருந்தாள்.

"படியிலதான் தூக்கணும். மூணு மாடி. ஆளுங்களுக்குச் சொல்லியிருக்கேன். திருப்பத்துல மட்டும் கொஞ்சம் நிமித்திப் பிடிச்சா வந்துடும்."

"நிமித்தியா?" என்று சமையலறையிலிருந்து அம்மாவின் குரல் வந்தது. காலையிலிருந்து அவள் பேசிய முதல் வார்த்தை. "செத்தவரை நிக்க வச்சுக் கூட்டிட்டு வரப்போறியாண்ணே?"

பாப்பா எட்டிப் பார்த்தாள். அம்மா தரையில் உட்கார்ந்து துணி மடித்துக்கொண்டிருந்தாள். ஹோட்டல் சலவைப் பகுதியில் ஆயுசு முழுக்கப் படுக்கை விரிப்பு மடித்த கை அது. நேற்றே மடித்து வைத்ததைப் பிரித்து மறுபடியும் மடிக்கிறாள் என்று பாப்பாவுக்குத் தெரிந்தது.

"கீழயே கார் நிறுத்துற இடத்துல வச்சுக்கலாம் மாமா. மழைத் தொந்தரவும் இல்ல."

"அதெப்படி? உத்தரவுல என்ன போட்டிருக்கு?" மாமா சட்டைப் பையைத் தட்டினார். பிளாஸ்டிக் உறைக்குள் மடித்த காகிதம் சரசரத்தது. "மனுதாரரின் இல்லத்துக்குத் திரும்பி வந்துன்னு போட்டிருக்கு. கார் ஷெட்டுக்குத் திரும்பி வந்துன்னா போட்டிருக்கு? உயிரோட வரல. இப்பவாவது வீட்டுக்குள்ள வரட்டும். என் தங்கச்சி ஜெயிச்ச கேஸு இது."

அம்மா அடுத்த துணியை எடுத்தாள்.

அப்படி ஓர் உத்தரவு இருந்தது நிஜம்தான். அப்பா போன புதிதில் அம்மாவைச் சுற்றியிருந்தவர்கள் ஆளுக்கொன்று சொன்னார்கள். ஜீவனாம்சம் கேள் என்றார்கள், விவாகரத்துக் கேள் என்றார்கள், அந்த டெய்லர் வீட்டு வாசலில் போய் நின்று கத்து என்றார்கள். அம்மாவுக்கு இதில் எதுவும் வேண்டியிருக்கவில்லை. அவளுக்கு ஆள் வேண்டும். மாமா பிடித்துக் கொடுத்த வக்கீல் இதைக் கேட்டதும் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"இந்துத் திருமணச் சட்டத்துல அதுக்குன்னே ஒரு பிரிவு இருக்கும்மா. தக்க காரணம் இல்லாம விலகிப் போனவங்களை, திரும்பி வந்து சேர்ந்து வாழச் சொல்லி கோர்ட்டே சொல்லும்."

தாம்பத்திய உரிமையை மீட்டுத் தரக் கோரும் மனு. அம்மா அந்தப் பெயரைத் தப்பில்லாமல் சொல்லப் பழகிக்கொண்டாள். காய் நறுக்கும்போதுகூடச் சொல்லிப் பார்ப்பாள்.

"கோர்ட்டு சொன்னா வந்துதானே சார் ஆகணும்?"

"வரணும்" என்றார் வக்கீல், மேஜையில் பேனா மூடியைத் தேடிக்கொண்டே. வரணும் என்பதற்கும் வருவார் என்பதற்கும் நடுவே எவ்வளவு தூரம் என்று அவர் சொல்லவில்லை. அம்மாவும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் மட்டும் என்ன, நம்பியிருக்க மாட்டாள்.

வழக்கு இழுத்தது. கடைசியில் நீதிபதி அப்பாவிடம் நேராகவே கேட்டார். இவர்கள் மேல் என்ன குறை? குறை ஒன்றும் இல்லை என்றார் அப்பா. அப்படியானால் ஏன் போனீர்கள்? அப்பா கூண்டின் கட்டையைப் பிடித்துக்கொண்டு பேசாமல் நின்றார். அவர் வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். காரணம் இல்லை என்று ஆகிவிட்டது. அம்மா ஜெயித்தாள். மாமா கோர்ட்டு வாசலில் எல்லோருக்கும் டீ வாங்கிக் கொடுத்தார்.

அப்பா வந்தார். அதுதான் பலருக்குத் தெரியாது. ஒரு சனிக்கிழமை சாயங்காலம், வேலை முடிந்து, கையில் டூல்ஸ் பெட்டியோடு வந்தார். அம்மா ஜன்னல் திரைகளை மாற்றியிருந்தாள். புதுத் தலையணை வாங்கியிருந்தாள். அப்பா வாசலில் ஷூவைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு உள்ளே வந்து, சுற்றிலும் பார்த்து, "எங்க உக்காரட்டும்?" என்று கேட்டார்.

உள் அறையிலிருந்த பாப்பாவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. அந்த நாற்காலிகளை வாங்கிக்கொண்டு வந்ததே அவர்தான். எதில் உட்கார்ந்து அவர் பேப்பர் படிப்பார் என்று அவளுக்கே தெரியும்.

அம்மா கையைக் காட்டினாள். அவர் உட்கார்ந்தார். போட்டதைச் சாப்பிட்டார். "நல்லா இருந்துச்சு" என்றார். தட்டைத் தானே கழுவி வைத்தார். வேலையெல்லாம் எப்படி என்று அம்மா கேட்டதற்குப் பரவாயில்லை என்றார். கூண்டில் நின்றபோது பேசிய அதே குரல். காலையில் குளித்து, டூல்ஸ் பெட்டியை எடுத்துக்கொண்டு வாசல் வரைக்கும் போனவர் அங்கேயே நின்றார். ஷூவை மாட்டிக்கொண்டார். அப்போதும் போகவில்லை.

"போலாமா?" என்றார்.

பல் விளக்கிக்கொண்டிருந்த பாப்பா கதவுக்குப் பின்னால் அப்படியே நின்றுவிட்டாள். அம்மா அந்த ஷூவையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்புறம் சொன்னாள்.

"போங்க."

அன்று மத்தியானம் மாமா வந்தபோது அம்மா, "காலையில பாத்தா ஆளக் காணோம்ணே" என்று மட்டும் சொன்னாள். மாமா துள்ளினார். உத்தரவை மீறினால் சொத்தை ஜப்தி செய்யலாம், வக்கீல் சொல்லியிருக்கிறார், ஸ்கூட்டரும் டூல்ஸ் பெட்டியும் இருக்கிறதல்லவா, அதை முதலில் எடுப்போம் என்றார். "அந்த ஸ்பானரை எல்லாம் ஜப்தி பண்ணி நான் என்னண்ணே முடுக்கப் போறேன்?" என்றாள் அம்மா. அதோடு வழக்கு முடிந்தது. மாமாவுக்கு மட்டும் முடியவில்லை.

அதன் பிறகு அம்மா அவர் பெயரைச் சொல்லவில்லை. உங்க அப்பா என்றும் சொல்லவில்லை. லிஃப்ட்காரர் என்றாள். ஏனென்றால் லிஃப்ட்காரராக அவர் இந்தக் கட்டடத்துக்கு வந்துகொண்டுதான் இருந்தார். இங்கே லிஃப்ட் பராமரிப்பு அவர் கம்பெனியிடம். மாதம் ஒரு நாள் மொட்டை மாடி மோட்டார் அறைக்குப் போவார், கயிறுகளுக்கு எண்ணெய் விடுவார், குழிக்குள் இறங்கித் துடைப்பார். சமையலறைச் சுவருக்கு அந்தப் பக்கம்தான் லிஃப்ட் போகும் வழி. இரும்பு இரும்பில் படும் சத்தம் கேட்கும்.

"கோர்ட்டு சொல்லி வராதவரு, கம்பெனி சொன்னா மட்டும் மாசாமாசம் வந்துடறாரு பாரு" என்பாள் அம்மா. சிரிப்பாள்கூட. ஆனால் லிஃப்டில் ஏற மாட்டாள். வழக்கு முடிந்த நாளிலிருந்து படிதான். முட்டி போனது. ஒவ்வொரு திருப்பத்திலும் படியில் உட்கார்ந்து எழுந்து வரும் நிலை வந்தது. பாப்பா கெஞ்சிப் பார்த்தாள், திட்டிப் பார்த்தாள். "அந்த ஆளு கை வச்ச பெட்டியில நான் கால் வைக்க மாட்டேன்" என்பதற்கு மேல் பேச்சில்லை.

அப்பா வரும் நாளில் பாப்பா மொட்டை மாடிக்கு டீ கொண்டுபோவாள். அம்மாவுக்கு அது தெரியும். தெரியாதது போல இருப்பாள். ஒரு தடவை பாப்பா அலுப்பில், "அம்மா படியில உக்காந்து உக்காந்து வர்றாப்பா, பாக்க முடியல" என்று சொல்லிவிட்டாள். அடுத்த மாதம் லிஃப்டுக்குள் மடக்கு சீட் வந்துவிட்டது. கட்டடத்துக்காரர்கள் கேட்டதற்குக் கம்பெனியிலிருந்து இலவசம் என்று சொல்லியிருக்கிறார்.

"நானே ஏறி நின்னு பாத்துட்டேன். தாங்கும்" என்றார் பாப்பாவிடம்.

அதிலிருந்து பார்க்கும்போதெல்லாம் ஒரே கேள்விதான். "உக்காந்தாளா?"

"இல்லப்பா. ஏறவே இல்ல."

"சரி."

போன வாரம் கீழ்ப்பல் செட் குத்துகிறது என்று பட்டறைக்கு வந்திருந்தார். பாப்பாதான் அவருக்குச் செய்து கொடுத்த செட். அவள் அதைக் கழற்றி வாங்கி ராவிக்கொண்டிருக்கும்போது, பல்லில்லாத வாயோடு அதையே கேட்டார். அவளும் அதே பதிலைச் சொன்னாள்.

கட்டிலை வெளியே போட்டுவிட்டு மாமாவும் பாப்பாவும் ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். பின்பக்கத்தில், பிணவறைக்கு முன்னால் ஒரு கவுண்டர் இருந்தது. கிளார்க் அப்போதுதான் காலைச் சாப்பாட்டை முடித்துவிட்டுக் கையைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"மனைவி யாரு?"

மாமா பிளாஸ்டிக் உறையைக் கவுண்டருக்குள் நீட்டினார். "என் தங்கச்சி. இதுல எல்லாம் தெளிவா இருக்கு. கோர்ட்டு உத்தரவு."

கிளார்க் பிரித்தார். முதல் பக்கத்தைப் படித்தார். நிமிர்ந்து மாமாவைப் பார்த்தார்.

"சார், இது சேர்ந்து வாழச் சொல்லி போட்ட உத்தரவு."

"ஆமா."

"ஆளு செத்துட்டாரு சார்."

"அதனால?"

"அதனால ஒண்ணும் இல்ல. இது எனக்கு வேணாம். அந்தம்மா நேர்ல வந்து கையெழுத்துப் போடட்டும், கொடுத்துடறேன்." அவர் நடைபாதையின் கோடியைப் பார்த்துக் கையைக் காட்டினார். "அவங்களும் விடிஞ்சதிலிருந்து கேக்கறாங்க. நீங்க யாருன்னு கேட்டா ஒண்ணும் சொல்ல மாட்டேங்கறாங்க. நான் எப்படிக் கொடுக்கறது?"

கோடி பெஞ்சில் டெய்லர் உட்கார்ந்திருந்தாள். கழுத்தில் அளவு டேப் தொங்கியது. அவசரத்தில் கழற்ற மறந்திருக்கிறாள். மாமா அந்தப் பக்கம் பார்க்காமல் உறையை மடித்து உள்ளே வைத்துக்கொண்டு, வண்டி பேச வெளியே போனார். பாப்பா அம்மாவுக்குப் போன் செய்தாள்.

காலையில் கிளம்பும்போது, "நான் வரல. நீங்களே போய்க் கொண்டாங்க" என்று சொன்னவள் அம்மா. இப்போது விஷயத்தைக் கேட்டுக்கொண்டாள். "நான் வந்தாத்தான் கொடுப்பாங்களா?"

"ஆமாம்மா. நீ வந்தாத்தான்."

"அவங்க அங்க இருக்காங்களா?"

"இருக்காங்க."

"சரி, வர்றேன்" என்றாள் அம்மா.

பாப்பா போய்ப் பெஞ்சில் உட்கார்ந்தாள். டெய்லரை எப்படிக் கூப்பிடுவது என்று அவள் இத்தனை வருஷத்தில் முடிவு செய்யவே இல்லை. அத்தை என்றால் அம்மாவுக்குத் துரோகம். டெய்லரம்மா என்றால் துணி கொடுக்க வந்தவள் மாதிரி இருக்கும். அதனால் எப்போது பேசினாலும் "இங்க பாருங்க" என்றே ஓட்டிவிடுவாள்.

டெய்லர் மடியிலிருந்த பையைத் திறந்து ஒரு சின்ன டப்பாவை எடுத்தாள்.

"உள்ள கொண்டுபோகும்போது கழட்டிக் கொடுத்துட்டாங்க பாப்பா. வாய் ஒட்டிப்போய்க் கிடக்கு. அப்படியே அனுப்பாதே. அவரு பல்லு இல்லாம வாசல்ல பேப்பர் எடுக்கக்கூடப் போக மாட்டாரு."

பாப்பா டப்பாவை வாங்கிக்கொண்டாள். மூடியை அழுத்திவிட்டுக் கேட்டாள்.

"எங்க கொண்டுபோறோம்னு கேக்க மாட்டீங்களா?"

"கேக்கறதுக்கு நான் யாரு? அந்த ஆளும் இதையேதான கேட்டாரு." கவுண்டரைப் பார்த்தாள். "ஒரு வருஷம் சேர்ந்து இல்லைன்னா அந்த உத்தரவை வச்சே விவாகரத்து வாங்கலாம்னு அப்பவே உங்க அப்பாவோட வக்கீல் சொன்னாரு. இவரு கேக்கல. ஏன் கேக்கலன்னு நானும் கேக்கல. கேட்டிருக்கணுமோ என்னவோ. இன்னைக்கு வாயைத் திறக்க முடியல பாரு."

டேப்பைக் கழுத்திலிருந்து எடுத்து விரலில் சுற்ற ஆரம்பித்தாள். சுற்றி முடித்து, பிரித்து, மறுபடியும் சுற்றினாள்.

"உங்க லிஃப்டுல ஒரு சீட்டு வச்சாரே, இருக்கா?"

"இருக்கு."

"அதுக்கு உறை நான்தான் தைச்சேன். பஞ்சை ரெட்டிப்பா வைன்னாரு, முட்டிவலிக்காரங்க உக்கார்றதாம். யாருன்னு சொல்லல. எனக்குத் தெரியாதா? ரெண்டு தையல் போட்டேன், சீக்கிரம் பிரியக்கூடாதுன்னு."

பாப்பா டப்பாவோடு எழுந்து உள்ளே போனாள்.

பிணவறை ஆள் ஒதுங்கி நின்றார். முகம் இறுகத் தொடங்கியிருந்தது. பாப்பா கையுறை வாங்கி மாட்டிக்கொண்டு, இரண்டு விரலால் தாடையை மெல்ல அழுத்தி இறக்கினாள். அச்சு எடுக்க எத்தனையோ பேர் வாயை இப்படித் திறந்து பார்த்திருக்கிறாள். மேல் செட் உடனே உட்கார்ந்தது. கீழ் செட்தான் போக்குக் காட்டியது. போன வாரம் ராவிய இடத்தில் விரலை வைத்து அழுத்தினாள். உட்கார்ந்தது. உதடு மூடியதும் அப்பாவுக்கு அப்பாவின் முகம் வந்துவிட்டது. "இப்பக் குத்தாதுப்பா" என்றாள். சொன்ன பிறகுதான் அழுகை வந்தது. கையுறையோடு முகத்தைத் துடைக்க முடியாமல் தோளில் துடைத்துக்கொண்டாள்.

அம்மா பஸ் பிடித்து வந்து சேர வெயில் ஏறிவிட்டது. வந்தவள் யாரையும் பார்க்கவில்லை. நேராக உள்ளே போனாள். பாப்பா பின்னால் நின்றாள். அம்மா முகத்தைப் பார்த்தாள். இவ்வளவு கிழவனாகிவிட்டாரா என்பது போல இன்னும் கொஞ்சம் குனிந்து பார்த்தாள். பிறகு கால்மாட்டுக்குப் போய், தொங்கிக்கொண்டிருந்த விரிப்பின் முனையை இழுத்து, மடித்து, ஸ்ட்ரெச்சர் மெத்தைக்கு அடியில் செருகினாள். அடுத்த முனையையும் செருகினாள். ஹோட்டல் கட்டில்களுக்குச் செய்வதுபோல, சுருக்கம் இல்லாமல்.

வெளியே வந்து கிளார்க் காட்டிய இடத்தில் கையெழுத்துப் போட்டாள். உறவுமுறை என்ற இடத்தில் மனைவி என்று எழுதினாள். எழுதிவிட்டுப் பேனாவைக் கொடுக்காமல் அதையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

வண்டி வந்து நின்றது. பின்கதவைத் திறந்து ஏற்றினார்கள். மாமா டிரைவருக்குப் பக்கத்து இருக்கையில் ஏறப்போனார்.

"அட்ரஸ் சொல்லுங்கம்மா" என்றான் டிரைவர்.

அம்மா சொன்னாள். "கதவு எண் பதினாறு, முதல் மாடி, பழைய அச்சகச் சந்து, தபால் நிலையத்துக்குப் பின்புறம் என்ற முகவரியில் வசிக்கும் எதிர்மனுதாரர்."

"எதிர்... யாரும்மா?"

"பதினாறு. அச்சகச் சந்து. போஸ்ட் ஆபீஸ் பின்னால."

வழக்கு நடந்த காலமெல்லாம் ஒவ்வொரு காகிதத்திலும் அச்சாகி வந்த முகவரி. அம்மா ஒருநாளும் அங்கே போனதில்லை. மனப்பாடமாக இருந்தது.

மாமா இறங்கிவிட்டார். "என்ன பேசறே நீ? வீட்டைக் காலி பண்ணி வச்சிருக்கு. கட்டிலத் தூக்கி வெளியில போட்டிருக்கு. ஜெயிச்சவ நீ! அவ இல்ல!"

"ஆமாண்ணே, ஜெயிச்சேன்."

"அப்புறம்?"

"அப்புறம் வந்தாருண்ணே. ஒரு நாளு. எங்க உக்காரட்டும்னு கேட்டாரு. அன்னைக்கு வந்தது உத்தரவுதான். மனுஷன் வரல." அம்மா மூச்சு வாங்கிக்கொண்டாள். "காலையில அவரு ஓடிப்போகல. போலாமான்னு கேட்டாரு. நான்தான் போங்கன்னேன். உன்கிட்ட சொல்லல."

மாமாவின் கை சட்டைப் பைக்குப் போனது. அந்தக் காகிதத்தை எடுக்கவில்லை. கை அங்கேயே இருந்தது. பார்க்கப் பாவமாக இருந்தது. இத்தனை வருஷமும் அந்தக் கேஸைச் சுமந்தவர் அவர்தானே என்று பாப்பா நினைத்தாள்.

"இன்னைக்கும் இழுத்துட்டு வந்து படியில நிமித்தித் தூக்கணுமா? விடுண்ணே. நீயும் கூடப் போ. ஆம்பள ஒருத்தர் வேணும் அங்க."

டெய்லர் தூண் ஓரமாக நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். அருகே வரத் தயங்கி, வந்தாள். இரண்டு பேரும் இவ்வளவு பக்கத்தில் நிற்பது இதுதான் முதல் தடவை.

"நீங்களும் வாங்கக்கா" என்றாள்.

"வேணாம்மா. அது உன் வீடு." அம்மா அவளைப் பார்த்துத்தான் சொன்னாள். குரலில் கோபம் இல்லை, பிரியமும் இல்லை. "ஏறு. அவரு கூட உக்காரு."

டெய்லர் ஏறினாள். மாமா டிரைவர் பக்கத்தில் ஏறி, கதவைச் சாத்தி, பழக்கதோஷத்தில் தகரத்தை இரண்டு தட்டுத் தட்டினார். வண்டி கிளம்பியது.

"நீ என்னை வீட்டுல விட்டுட்டு அங்க போயிடு பாப்பா. மகள் இல்லாம எடுக்கக்கூடாது" என்றாள் அம்மா. பஸ்ஸில் ஜன்னலோரம் அம்மா கண்ணை மூடியிருந்தாள். தூக்கமா இல்லையா என்று தெரியவில்லை.

கட்டடத்துக்குள் நுழைந்ததும் அம்மா வழக்கம்போலப் படிக்கட்டுக்குப் போய்க் கைப்பிடியைப் பிடித்தாள். முதல் படியில் காலை வைத்தாள். அப்படியே நின்றாள். பிறகு காலை எடுத்துவிட்டு லிஃப்ட் கதவுக்கு முன்னால் வந்து நின்றாள்.

"இதுல எதை அழுத்தணும்?"

பாப்பா அழுத்தினாள். பெட்டி வந்தது. கதவு திறந்தது. அம்மா விருந்தாளி மாதிரி உள்ளே பார்த்துவிட்டு ஏறினாள். பாப்பா மூன்றை அழுத்தினாள். கதவு மூடி, பெட்டி ஒரு குலுங்கலுடன் மேலே கிளம்பியது.

சீட் சுவரோடு மடங்கியிருந்தது.

"இது எப்ப வச்சது?"

"ரொம்ப நாளாச்சும்மா."

"யாரு வச்சது?"

"லிஃப்ட்காரரு" என்றாள் பாப்பா.

அம்மா அதைக் கீழே இறக்கினாள். உறையின் ஓரத்தில் கட்டைவிரலை வைத்து ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை தடவினாள். வாழ்நாளெல்லாம் துணியைத் தொட்ட விரல். இரட்டைத் தையலில் ஓர் இடத்தில் நின்று, திரும்பிப் போய், மறுபடியும் வந்தது. அவள் ஒரு கையால் முட்டியைப் பிடித்துக்கொண்டு, மறுகையைச் சுவரில் ஊன்றி, மெதுவாக உட்கார்ந்தாள்.

மூன்றாவது மாடியில் கதவு திறந்தது. நடைபாதையில், சுவரோரமாக, அவர்கள் காலையில் போட்ட இடத்திலேயே கட்டில் கிடந்தது.

அம்மா அதைப் பார்த்தாள். எழுந்திருக்கவில்லை. பாப்பாவும் அவசரப்படுத்தவில்லை.

கதவு தானாக மூடிக்கொண்டது. கீழே யாரோ அழுத்தியிருக்க வேண்டும். பெட்டி மெதுவாக இறங்கத் தொடங்கியது.